நீவெஸின் வாயசைப்பு

திரையில் நீவெஸ் சூப்புக் கிண்ணத்தை மேசைமேல் வைத்தாள். "ஆறுறதுக்குள்ள சாப்பிட்டுடுங்க, ஐயா" என்றாள். வாய் அவளுடையது. குரல் அவளுடையதல்ல.

ரெமிஜோ மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருந்தான். ஞாயிற்றுக்கிழமை மதியக் காட்சி. பழைய படம். ரோமின் நல்ல அரங்குகளிலெல்லாம் ஓடித் தேய்ந்து, கோடும் கீறலுமாகக் கடைசியில் துஸ்கொலானா சாலையில் மாதா கோவிலை ஒட்டியிருந்த இந்தக் கொட்டகைக்கு வந்து சேர்ந்திருந்தது. பாதிரியார் முத்தக் காட்சிகளை வெட்டிவிட்டுத்தான் படத்தை ஓட்டுவார். நீவெஸ் வரும் இடங்களில் வெட்டுவதற்கு எதுவும் இருந்ததில்லை. படத்தில் அவளை யாரும் முத்தமிட்டதே இல்லை.

சுற்றிலும் பூசணி விதையைக் கொறித்துத் தரையில் தோலைத் துப்பிக்கொண்டிருந்தார்கள். ரெமிஜோவின் கோட்டுக் கையில் கறுப்புப் பட்டை தைத்திருந்தது. பெப்ரவரியில், மனைவி நீவெஸ் இறந்த துக்கத்துக்குத் தைத்தது. இப்போது ஜூன். வெயிலில் பட்டை வெளுத்துச் சாம்பல் நிறமாகியிருந்தது.

அவன் கண்ணை மூடிப் பார்த்தான். மூடியதும் நீவெஸ் போய்விட்டாள். இருட்டுக்குள் யாரோ ஒரு பெண் ஈரமான, வழவழப்பான குரலில் சூப்பைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தாள். அவள் பெயர் எர்சிலியா. அவளை அவன் ஒருமுறைகூடப் பார்த்ததில்லை. ஒன்பது வருடமாக நீவெஸ் நடித்த எல்லாப் படத்திலும் நீவெஸுக்காகப் பேசியவள் அவள்தான்.

படம் முடிவதற்கு முன்பே எழுந்து வெளியே வந்தான். நீவெஸின் பாத்திரம் ஏற்கெனவே செத்துவிட்டிருந்தது.

நீவெஸ் ரோமுக்கு வந்தது வீட்டு வேலைக்கு. வடக்கே ஃப்ரியூலியில், எல்லைக்குப் பக்கத்தில், மலையடிவாரத்து ஊர். அந்தப் பக்கத்துப் பெண்கள் கைச்சுத்தம், குறைவாகப் பேசுவார்கள் என்று ரோமின் வசதியான வீடுகளில் பெயர். அவள் வேலை பார்த்த வக்கீல் வீட்டுக்கு ஓர் இயக்குநர் விருந்துக்கு வந்தார். போர் முடிந்து கொஞ்ச காலம்தான் ஆகியிருந்தது. நடிகர்களை விட்டுவிட்டுத் தெருவில் முகம் தேடிக்கொண்டிருந்தார்கள். அவள் தட்டுகளை எடுத்து வருவதையும் எடுத்துப் போவதையும் அவர் சாப்பிடாமல் பார்த்துக்கொண்டிருந்தார். வேலைக்காரியாக நடிக்க வேலைக்காரியே கிடைத்துவிட்டாள்.

ஆனால் முகம்தான் தெருவிலிருந்து வர வேண்டும். குரல் நாடக மேடையிலிருந்துதான் வர வேண்டும். ரோமில் படம் எடுக்கும் முறை அது. மீன்காரனைக் கூட்டி வந்து மீன்காரனாக நிற்க வைப்பார்கள். பிறகு டப்பிங் கூடத்தில் தொண்டை பழகிய ஒரு நடிகர் அவனுக்காகப் பேசுவார். நீவெஸின் பேச்சோ மலைப்பேச்சு. சொற்களைக் கடித்துக் கடித்து வைப்பாள், வாக்கியத்தின் கடைசியில் குரல் மேலே ஏறாமல் சட்டென்று விழுந்துவிடும். முதல் படத்தின் டப்பிங்குக்கு எர்சிலியா வந்தாள். முகமும் குரலும் பொருந்திவிட்டன. அதன்பிறகு யாரும் மாற்றவில்லை.

வேலைக்காரி, செவிலி, மீனவன் பெண்டாட்டி, கன்னிகாஸ்திரீ, கதாநாயகியின் அக்கா, ஒரு சரித்திரப் படத்தில் ராணிக்கு விசிறி வீசும் அடிமை. பெரும்பாலும் இடைவேளைக்கு முன்னால் செத்துப்போவாள், அல்லது வீட்டை விட்டுத் துரத்தப்படுவாள். புதுப் படத்துக்கு ஒப்பந்தமானதும் வீட்டுக்கு வந்து ரெமிஜோவிடம் அவள் முதலில் சொல்வது அதுதான்: "இடைவேளையத் தாண்டல." ஒரே ஒரு தடவை, அடிமைப் பெண்ணாக நடித்தபோது, "தாண்டிட்டேன்! ஆனா வசனமே இல்ல" என்றாள்.

ஒரு பத்திரிகை அவளை ஒருமுறை பாராட்டி எழுதியது, சிறிய வேடத்தில் வரும் அந்தப் பெண்ணின் குரலில் இருக்கும் ஈரத்தை மறக்க முடியவில்லை என்று. நீவெஸ் அதைத் தன் கரடுமுரடான குரலில் சத்தமாகப் படித்தாள். படித்துவிட்டுச் சிரித்தாள். பிறகு அந்தத் தாளில் வெங்காயத் தோலைச் சுற்றிப் போட்டாள்.

ரெமிஜோ அவளைச் சந்தித்ததும் படப்பிடிப்பில்தான். அவன் கல்லூரி முடித்துவிட்டு நில அளவை அலுவலகத்தில் வரைபடம் போடுபவன். ஸ்டூடியோவுக்குப் பின்னால் இருந்த தரிசை அளக்கப் போனபோது, ஒரு கன்னிகாஸ்திரீ கவிழ்த்துப் போட்ட பெட்டிமேல் உட்கார்ந்து ரொட்டி தின்றுகொண்டிருந்தாள். அவன் தொப்பியை எடுத்துவிட்டு, "வணக்கம், சிஸ்டர்" என்றான்.

"இப்ப சிஸ்டர் இல்ல. ரெண்டு மணிக்கு மேலதான் சிஸ்டர்" என்றாள் அவள், வாயில் ரொட்டியோடு.

அந்த வாக்கியம் அவனுக்கு நன்றாக நினைவிருந்தது. வெயில், ரொட்டித் துகள், முக்காட்டுக்குள்ளிருந்து எட்டிப் பார்த்த மயிர் எல்லாம் நினைவிருந்தன. ஆனால் இப்போதெல்லாம் அந்தக் காட்சியில் அவள் வாயைத் திறந்தால் எர்சிலியாதான் பேசினாள்.

அவன் குடியிருந்த கட்டடத்தின் வாசல்காவல் சோரா ஆர்ஜாவிடம் இருந்தது. பருத்த உடம்பு. வாசலில் நாற்காலி போட்டு, மடியில் பச்சைப் பட்டாணியை உரித்தபடி, ஏறி இறங்குகிற எல்லாரையும் விசாரிப்பாள். நீவெஸ் உயிரோடு இருந்தவரை அவளை "என் நடிகை" என்றுதான் சொல்வாள். கூடவே, "போலெந்தா தின்னி" என்று கேலியும் செய்வாள். வடக்கத்தியாள் சோளமாவைக் கிளறித் தின்பது ரோம்காரர்களுக்கு அலுக்காத வேடிக்கை.

"எங்க போயிட்டு வரீங்க, தொத்தோரே?" என்றாள். படித்தவன் என்பதால் அந்த மரியாதை. "மூஞ்சியப் பாத்தா பாதிரியார் கொட்டகையில பாதிப் படம் பாத்த மாதிரி இருக்கே."

"சோரா ஆர்ஜா, நீவெஸ் எப்படிப் பேசுவா?"

"எப்படின்னா?"

"குரல். அவ குரல் எப்படி இருக்கும்?"

ஆர்ஜா பட்டாணியிலிருந்து கையை எடுத்தாள். "அதை மறக்க முடியுமா? தெனம் காலையில என்னைத் தாண்டிப் போறப்போ, 'இன்னைக்கும் உக்காந்துட்டியா, சோரா ஆர்ஜா'ன்னு கேட்பா." கண்ணை மூடிக்கொண்டு, குரலை இழைத்து, ஈரமாக்கி, மறுபடி சொல்லிக் காட்டினாள்: "இன்னைக்கும் உக்காந்துட்டியா…"

அப்படியே எர்சிலியா.



"சரியா வந்துச்சா?" என்றாள் ஆர்ஜா. கண்ணைத் திறந்து அவன் முகத்தைப் பார்த்தாள். "இல்லையா?"

"வந்துச்சு" என்று சொல்லிவிட்டு மாடி ஏறினான்.

கண்ணாடியில் அவள் ஒட்டி வைத்த படங்கள் இருந்தன. செருப்பு இருந்தது. சீப்பில் மயிர் இருந்தது. போலெந்தா கிளறும் நீளத் தடி அடுப்புப் பக்கத்தில் சாய்ந்திருந்தது. அவள் கிளறும்போது எண்ணுவாள், தன் ஊர்ப் பேச்சில், வாய்க்குள். கணக்கு என்று வந்தால் அவளுக்கு அந்தப் பேச்சுதான் வரும். இத்தனை எண்ணினால் பதம் என்று ஏதோ ஒரு கணக்கு வைத்திருந்தாள். அவன் நடுவில் புகுந்து தப்பான எண்ணைச் சொல்லிக் குழப்புவான். அவள் தடியை ஓங்குவாள். இவ்வளவும் கண்முன் வந்தது, ஊமைப் படம் மாதிரி.

அந்த வாரம்தான் ஆல்வாரோவைப் பார்த்தான். ஆல்வாரோ ஒலிப்பதிவுக்காரன், நீவெஸின் கடைசிப் படத்தில் வேலை பார்த்தவன். சவ அடக்கத்துக்கு வந்து, சவப்பெட்டியின் ஒரு முனைக்குத் தோள் கொடுத்தவன். டிராம் நிறுத்தத்துக்கு எதிரே காபிக் கடையில் நின்றுகொண்டே காபி குடித்துக்கொண்டிருந்தான்.

"தொத்தோரே! இப்படி இளைச்சுப் போயிருக்கீங்க? நில அளவையில உங்களையே அளந்து பாத்தாங்களா?" சிரித்துவிட்டுக் கறுப்புப் பட்டையைப் பார்த்ததும் நிறுத்திக்கொண்டான். "மன்னிச்சுக்குங்க. வாய் இது, சொன்னா கேக்காது."

ரெமிஜோவுக்கும் ஒரு காபி சொன்னான்.

"படம் எடிட்டிங் முடிஞ்சுது" என்றான் ஆல்வாரோ. "திங்கக்கிழமை டப்பிங். நீவெஸோட பகுதி புதன்கிழமை."

"யார் பேசுறா?"

ஆல்வாரோ காபிக் கோப்பைக்குள் பார்த்தான். "எர்சிலியாதான். வேற யாரு."

இந்தப் படத்தில் நீவெஸே பேசட்டும் என்று இயக்குநர் சொல்லியிருந்தார். கதாநாயகனின் அக்கா வேடம், பெல்ஜியத்துச் சுரங்க வேலைக்குப் போகும் தம்பியை ரயில் ஏற்றிவிடுகிறவள். ஸ்டேஷன் காட்சி முழுவதும் அவளுடையது. ஒன்பது வருடத்தில் முதல் தடவையாக நீளமான வசனம். "உன் வாய், உன் குரல்" என்று இயக்குநர் அவள் கன்னத்தைத் தட்டிச் சொன்னாராம். அன்றிலிருந்து அவள் சமையலறையில் நின்று செய்தித்தாளை உரக்கப் படிக்க ஆரம்பித்தாள். நாடாளுமன்றச் செய்தி, சைக்கிள் பந்தயம், ஆற்றுக் கரை உடைந்த சேதி. வாக்கியத்தின் கடைசியில் குரலை விழாமல் பிடித்து நிறுத்தப் பழகினாள். படப்பிடிப்பு முடிந்தது. டப்பிங்குக்குத் தேதி வருவதற்குள் மூளைக்காய்ச்சல் வந்தது. காய்ச்சல் வந்த வாரத்திலேயே போய்விட்டாள்.

"ஆல்வாரோ, ஷூட்டிங்ல அவ பேசினது பதிவாகியிருக்குமே?"

"இருக்கும். டப்பிங் பேசுறவங்களுக்கு அளவு தெரியணுமில்ல? அதுக்காக ஸ்பாட் சத்தத்தைப் பிடிச்சு வைப்போம். சும்மா கரடா இருக்கும்."

"அவ குரல்?"

"அவங்க குரல்தான்."

"டப்பிங் முடிஞ்சதும் அதை என்ன பண்ணுவீங்க?"

"அழிச்சிடுவோம். காந்த நாடாவுக்கு அவ்வளவு தட்டுப்பாடு. அழிச்சு அடுத்த படத்துக்கு எடுத்துப்போம்."

ரெமிஜோ கேட்பதற்கு முன்பே ஆல்வாரோ தலையை ஆட்டினான். "முடியாது, தொத்தோரே. ஒவ்வொரு துண்டுக்கும் கம்பெனியில கேள்வி வரும். அப்படியே குடுத்தாலும் வீட்டுல எதுல போட்டுக் கேப்பீங்க? காப்பிக்கொட்டை அரைக்குற மெஷின்லயா?"

"அப்ப புதன்கிழமை நான் வரேன். சும்மா ஒரு மூலையில உக்காந்து கேட்டுட்டுப் போயிடறேன்."

ஆல்வாரோ கோப்பையைக் கீழே வைத்தான். "பெருசா எதிர்பாத்து வராதீங்க" என்றான். "அது… பெருசா ஒண்ணும் இருக்காது."

புதன்கிழமை அலுவலகத்தில் உடம்பு சரியில்லை என்று சொல்லிவிட்டுப் போனான். டப்பிங் கூடம் ஆற்றுக்கு அந்தப் பக்கம், ஒரு மரக்கடைக்குக் கீழே நிலவறையில் இருந்தது. படியிறங்கும்போதே சிகரெட் புகையும் ஈரச் சுவர் நாற்றமும் வந்தன. உள்ளே ஒரு சிறு திரை, திரைக்கு எதிரே ஒரு மைக், வசனத்தாளை வைக்கும் தாங்கி. கண்ணாடிக்குப் பின்னால் ஆல்வாரோ. டப்பிங்கை நடத்துபவர் கஸ்தோனே என்பவர். மெலிந்த மனிதர், கழுத்தில் கைக்குட்டை கட்டியிருந்தார். ஆல்வாரோ வெளியே வந்து அவர் காதில் ஏதோ சொல்ல, ரெமிஜோவைப் பார்த்துக் கடைசி நாற்காலியைக் கண்ணால் காட்டினார்.

எர்சிலியாவை உயரமாக, அழகாக நினைத்து வைத்திருந்தான் ரெமிஜோ. வந்தவள் குள்ளம், அறுபதை நெருங்கும் வயது, வீங்கிய கால்களில் வீட்டுச் செருப்பு. கன்னத்தில் அதிமதுரக் கட்டியை அடக்கியிருந்தாள். நேராக அவனிடம் வந்தாள்.

"புருஷன்தானே நீங்க? என்னைத் திட்டத்தான் ஒருநாள் வருவீங்கன்னு நெனச்சிட்டிருந்தேன்."

அவன் எழுந்து நின்றான். அந்தக் குரல், ஒரு கிழவியின் வாயிலிருந்து. "திட்ட வரல, சிஞோரா."

"வந்தாலும் தப்பில்ல. அவங்க ஒரு தடவை இங்க வந்திருக்காங்க, தெரியுமா? மூணாவது படமோ என்னவோ. இதே நாற்காலியிலதான் உக்காந்திருந்தாங்க. போறப்போ எங்கிட்ட வந்து, 'சிஞோரா, என் வாயில பேசுறப்போ கொஞ்சம் சத்தத்தைக் கொறச்சுக்குங்க. நான் அவ்வளவு சத்தம் போடுற ஆள் இல்ல'ன்னாங்க. அதுக்கப்புறம் கொறச்சுத்தான் பேசுறேன். படத்தைப் பாத்தா தெரியும்."

"எர்சிலியா! கதை அப்புறம்!" என்று கத்தினார் கஸ்தோனே. "உன் பேரு 'ஒரே தடவை எர்சிலியா'. இன்னைக்கும் அந்தப் பேரைக் காப்பாத்து. மத்தியானத்துக்கு மேல கூடத்தை வேற ஆளுக்குக் குடுத்திருக்கு."

"நான் என்னைக்குய்யா ரெண்டாவது தடவை பேசியிருக்கேன்?" என்றாள் அவள், மைக்குக்கு நடந்தபடி.

டப்பிங்கில் படத்தைத் துண்டு துண்டாக வெட்டி, ஒவ்வொரு துண்டின் இரு முனைகளையும் ஒட்டி வளையமாக்கி ஓட்டுவார்கள். ஒரே காட்சி முடிந்து முடிந்து மறுபடி தொடங்கிக்கொண்டே இருக்கும். முதலில் ஸ்பாட்டில் பதிவான சத்தத்தோடு ஓடும், பேசுபவர் அளவைப் பிடித்துக்கொள்ள. பிறகு சத்தத்தை நிறுத்திவிட்டு ஊமையாக ஓட்டுவார்கள். அப்போது பேச வேண்டும்.

விளக்கு அணைந்தது. வளையம் சுற்றத் தொடங்கியது.

ஸ்டேஷன். நீவெஸ் கறுப்புச் சால்வையில், கையில் துணி மூட்டையோடு நின்றாள். ரெமிஜோ இரண்டு கைகளாலும் முன்நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டான்.

முதலில் இரைச்சல். யாரோ சுத்தியால் அடித்தார்கள். எங்கோ ஒரு நாய். பிறகு ஒலிபெருக்கியில் இயக்குநரின் குரல்: "ம், ஆரம்பி நீவெஸ்!"

அதன்பிறகு அவள்.

"என்ன சொல்லணும்? வசனம் இன்னும் கைக்கு வரலையே."

கடித்துக் கடித்து வைத்த சொற்கள். கடைசியில் சட்டென்று விழும் குரல். அவன் நினைத்து வைத்திருந்ததைவிடத் தாழ்ந்த குரல்.

"வசனம் எழுதல. அப்புறம் போட்டுக்கலாம். நீ எண்ணு. முகத்தை மட்டும் குடு."

"எதுவரைக்கும் எண்ணணும்?"

"நான் நிறுத்தச் சொல்ற வரைக்கும். உன் சத்தம் எப்படியும் வெளிய வரப்போறதில்ல. எண்ணு!"

திரையில் அவள் ஒரு கணம் அப்படியே நின்றாள். மூட்டையை இன்னொரு கைக்கு மாற்றினாள். தலையை நிமிர்த்தி ரயில் ஜன்னலைப் பார்த்து, தன் ஊர்ப் பேச்சில் எண்ணத் தொடங்கினாள்.

"உன். தோய். த்ரே. குவாத்ரி…"

ஐந்தில் அவள் கண் கலங்கியது. ஏழைச் சொல்லிவிட்டு மூச்சு வாங்கினாள். எட்டையும் ஒன்பதையும் கெஞ்சுவதுபோல் சொன்னாள். பத்துக்கு மேல் ஒவ்வொரு எண்ணையும் தம்பியின் சட்டைப் பைக்குள் வைத்து அனுப்புகிறவள் மாதிரி, மெதுவாக, மறந்துவிடாதே என்கிற மாதிரி. பதினேழில் துண்டு முடிந்தது. உடனே சுத்தியல், நாய், "ம், ஆரம்பி நீவெஸ்!"

"இந்த எழவுக்கு வசனம் எழுதுறதுக்குள்ள என் உயிர் போயிடுச்சு" என்று கஸ்தோனே முணுமுணுத்தார். "அவங்க பாஷையில எண்ணுறப்போ உதடு ரெண்டும் ஒண்ணோட ஒண்ணு ஒட்டவே மாட்டேங்குது. நடுவுல ஒரு தடவை 'அம்மா'ன்னு வைக்கலாம்னு பாத்தேன். அதுக்குக்கூட வழியில்ல."

ரெமிஜோ அந்த நாளை யோசித்தான். ஸ்டேஷன் காட்சி எடுத்த நாள். அவள் வீட்டுக்கு வந்தாள். எப்படிப் போச்சு என்று கேட்டான். நல்லாப் போச்சு என்றாள். சால்வையை மடித்து வைத்தாள். போலெந்தா கிளறினாள், ஆனால் எண்ணவில்லை. அடிபிடித்துவிட்டது. இருவரும் மேலாக எடுத்துத் தின்றார்கள். அதற்குப் பிறகு அவள் செய்தித்தாளை உரக்கப் படித்ததாக அவனுக்கு நினைவில்லை. சத்தம் நின்றுபோனது அப்போது அவனுக்கு உறைக்கவும் இல்லை.

"போதும். சத்தத்தை எடு" என்றார் கஸ்தோனே. "எர்சிலியா, பேசு."

காட்சி ஊமையாக ஓடியது. நீவெஸின் உதடு எண்ணத் தொடங்கியதும் எர்சிலியா பேசினாள்: "ஏறிக்கோ. ஜன்னல்கிட்ட நில்லு. அங்க குளிருதுன்னா எழுது. எழுத நேரங்…" நிறுத்தினாள். இருமினாள். "தப்பாயிடுச்சு. இன்னொரு தடவை கேக்கணும்."

"நீயா?" என்றார் கஸ்தோனே.

"நான்தான். சத்தத்தோட ஓட்டு."

மறுபடி சுத்தியல், நாய். "எதுவரைக்கும் எண்ணணும்?" மறுபடி ஒன்றிலிருந்து. ரெமிஜோ மூச்சைப் பிடித்துக்கொண்டு கேட்டான்.

அடுத்த தடவை எர்சிலியா பாதி தாண்டி வந்து, "ஏழுக்கிட்ட அவ நிக்கிறா, நான் நிக்கல" என்றாள். அதற்கடுத்த தடவை தாளைக் கீழே நழுவவிட்டாள். பிறகு அதிமதுரக் கட்டி தொண்டையில் மாட்டிக்கொண்டது. ஒவ்வொரு தடவையும், "ஒரு தடவை கேட்டுக்கறேன்" என்றாள். கண்ணாடிக்குப் பின்னால் ஆல்வாரோ சத்தத்தைத் திருப்பிப் போட்டான்.

நான்காவது தடவையோ ஐந்தாவதோ, ரெமிஜோவுக்கு அப்போதுதான் புரிந்தது. எர்சிலியாவின் முதுகைப் பார்த்தான். அவள் திரும்பவில்லை. வீட்டுச் செருப்பில் ஒரு காலின் பாரத்தை மறுகாலுக்கு மாற்றி மாற்றி நின்றாள்.

"என்ன கெரகம் புடிச்சிருக்கு உனக்கு இன்னைக்கு?" கஸ்தோனே எழுந்துவிட்டார். "இருபது வருஷத்துல இப்படி நான் பாத்ததில்ல. வயசாயிடுச்சுன்னா சொல்லிடு, வேற ஆளைப் பாக்கறேன்!"

"ஆயிடுச்சுதான்" என்றாள் எர்சிலியா. "கடைசியா ஒரு தடவை சத்தத்தோட ஓட்டு. அப்புறம் பேசிடறேன்."

கடைசித் தடவை. அவன் கண்ணை மூடிக்கொண்டான். பிறகு உதட்டையும் பார்க்க வேண்டும் என்று தோன்றித் திறந்தான். இரண்டையும் சேர்த்துப் பிடிக்கப் பார்த்ததில் பாதி எண்கள் போய்விட்டன. பதினேழு வந்தது. சத்தம் நின்றது.

எர்சிலியா பேசினாள். "ஏறிக்கோ. ஜன்னல்கிட்ட நில்லு. அங்க குளிருதுன்னா எழுது. எழுத நேரங்கிடைக்கலேன்னா சரி. நான் இங்கதான் இருக்கேன்." ஒரே தடவை. மிகத் தாழ்ந்த குரல். ஓர் எழுத்து விலகவில்லை. கூடத்தில் யாரோ மூக்கை உறிஞ்சினார்கள்.

"இதை முதல்லயே பண்ணியிருக்கலாமே" என்றார் கஸ்தோனே, கைக்குட்டையை அவிழ்த்தபடி.

கண்ணாடிக்குப் பின்னால் ஆல்வாரோ வளையத்தைக் கழற்றி, தரையில் இருந்த கூடையில் மற்றவற்றோடு போட்டான். ரெமிஜோவைப் பார்த்தான். தோளைக் கொஞ்சம் உயர்த்தினான்.

வெளியே மரக்கடை வாசலில் வெயில் அடித்தது. எர்சிலியா சுவரில் சாய்ந்து ஒரு செருப்பைக் கழற்றிக் காலை ஆற்றிக்கொண்டிருந்தாள்.

"நன்றி, சிஞோரா" என்றான்.

"எதுக்கு? எனக்கு இன்னைக்கு வாய் வரல, அவ்வளவுதான்." பையிலிருந்து அதிமதுரக் கட்டி ஒன்றை எடுத்து நீட்டினாள். அவன் வாங்கிக்கொண்டான். அவள் தெருவின் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்துவிட்டுக் குரலைத் தணித்தாள். "வேணும்னா நான் அவங்க மாதிரியே பேசிக் காட்டவா? ஒன்பது வருஷமா காதுல வாங்கிட்டிருக்கேன். அப்படியே வரும். உங்க பேரைச் சொல்லி ரெண்டு வார்த்தை. என்ன வார்த்தைன்னு நீங்களே சொல்லுங்க."

ரெமிஜோ அவள் வாயைப் பார்த்தான். சுருங்கிய உதடு, அதிமதுரம் கறுப்பாக்கிய பல்.

"வேண்டாம்" என்றான்.

"தப்பா எடுத்துக்காதீங்க."

"இல்ல, சிஞோரா. இப்ப காதுல இருக்கு. அது போதும்."

அவள் தலையசைத்தாள். செருப்பை மாட்டிக்கொண்டு மறுபடி நிலவறைக்குள் இறங்கினாள்.

டிராமில் உட்கார இடம் கிடைத்தும் அவன் நின்றான். யாரும் தன்னிடம் பேசிவிடக் கூடாது என்று ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான். எதுவரைக்கும் எண்ணணும். எதுவரைக்கும் எண்ணணும். கொலோசியம் வரை அது அவளாக இருந்தது. சான் ஜொவான்னி சதுக்கத்தில் கூட்டம் ஏறியது. ஒரு பெண் கூடைக் கோழியோடு அவன் காலை மிதித்து, மன்னிப்புக் கேட்டாள். திரும்பவும் எதுவரைக்கும் என்று சொல்லிப் பார்த்தான். வாக்கியத்தின் கடைசி விழவில்லை. வழவழப்பாக, ஈரமாக, அப்படியே மேலே நின்றது.

அடுத்த நிறுத்தத்தில் இறங்கினான். டப்பிங் கூடத்துப் பக்கம் திரும்பிப் போகும் டிராம் வந்தது. அவன் ஏறவில்லை. இன்னொன்று வந்தது. நேரம் போனது. பிறகு வீட்டுக்கு நடந்தான்.

படம் அக்டோபரில் வந்தது. குளிர் ஏறியபின் பாதிரியார் கொட்டகைக்கும் வந்தது. சுவரொட்டியில் நீவெஸின் பெயர் 'மற்றும்' என்ற சொல்லுக்குப் பின்னால், அச்சகத்தின் பெயருக்குக் கொஞ்சம் மேலே இருந்தது. சோரா ஆர்ஜா அவனுக்கு முன்னாலேயே பார்த்துவிட்டு வந்து, "என்ன பேச்சு, தொத்தோரே! அந்த ஸ்டேஷன்ல என்னமா பேசுறா என் நடிகை! கொட்டகையில ஒருத்தருக்கும் அழுகை நிக்கல" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை மதியம் போனான். அதே மூன்றாவது வரிசை. பின்னால் இரண்டு பேர் பூசணி விதை கொறித்துக்கொண்டிருந்தார்கள்.

ஸ்டேஷன் வந்தது. கறுப்புச் சால்வை, துணி மூட்டை. ரெமிஜோ இரண்டு காதுகளையும் விரலால் அடைத்துக்கொண்டான். நீவெஸ் தலையை நிமிர்த்தினாள். உதடு அசைந்தது. உன், தோய், த்ரே. அவனும் கூடவே எண்ணினான். ஐந்தில் அவள் கண் கலங்கியது. ஏழில் மூச்சு வாங்கினாள், அவனும் நிறுத்தினான். எல்லாம் சரியாக இருந்தது. உதடு துல்லியமாக எண்ணோடு பொருந்தியது. ஆனால் அடைத்த காதுக்குள், மண்டைக்குள் அதிர்ந்து கேட்டது அவனுடைய சொந்தக் குரல்தான். ஃப்ரியூலிப் பேச்சைத் தப்பாக உச்சரிக்கும் ஒரு ரோம்காரனின் குரல்.

பதினேழில் காட்சி முடிந்தது. ரயில் நகர்ந்தது. உடனே இடைவேளை விளக்கு எரிந்தது.

அவள் இடைவேளையைத் தாண்டவில்லை.

காதிலிருந்து விரலை எடுத்தான். பின்னாலிருந்தவன் முன்னால் குனிந்து அவன் தோளைத் தட்டினான்.

"என்னய்யா, விடாம எண்ணிட்டிருந்தே? நான் துப்பின விதையா?" பக்கத்திலிருந்தவன் சிரித்தான். "எவ்வளவு வந்துச்சு கணக்கு?"

"பதினேழு" என்றான் ரெமிஜோ.